இணக்கம் என்பது பணிந்து போதல் அன்று
(காசோலைக் குற்ற வழக்குகளை உடன்பாட்டினால் தீர்த்தல் பற்றி, வணிகரும் தொழிலாளரும் கூடியிருந்த அவையிலே வழக்கறிஞர் ஒருவர் ஆற்றிய உரை)



நாணயம் என்ற ஒரே சொல்லாற் காசையும் குறிக்கின்றோம். சொன்ன சொல் தவறாத நேர்மையையும் குறிக்கின்றோம். காசோலை என்பது இவ்விரண்டும் ஒரு தாளிலே சந்திக்கும் இடமாகும். அந்தத் தாள் வங்கியிலிருந்து வெறுங்கையோடு திரும்பும்போது பணமும் போகின்றது, சொல்லும் போகின்றது. அப்போது அரசு என்ன செய்தல் வேண்டும்? கடன்பட்டவனை மறியற்சாலைக்கு அனுப்புவதா? கடன் கொடுத்தவனை ஆண்டுக்கணக்காக நீதிமன்ற வாயிலிலே காத்திருக்க விடுவதா? அன்றி, இருவரையும் ஓரிடத்தில் இருத்திக் கணக்கைத் தீர்த்துக்கொள்ளச் செய்வதா? இன்று நான் பேச எடுத்துக்கொண்ட பொருள் இதுவே.

இதற்கு இந்திய நாட்டின் அனுபவத்தை எடுத்துக்காட்டாகக் கொள்கின்றேன். நமது நாட்டிலும் 1990ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கக் கடன் மீட்புச் சட்டம், தன் 25ஆம் பிரிவினால், கணக்கிலே போதிய பணமில்லை என்று அறிந்துகொண்டே காசோலை எழுதுதலைக் குற்றமாக்கியது. ஆனால் இத்தகைய வழக்குகளை இலட்சக்கணக்கிற் கண்டு, அவற்றை இணக்கத்தினாலே தீர்ப்பதற்கு விதி வகுத்து, வகுத்த விதியைப் பின்னர்த் திருத்தியும் பார்த்த நாடு இந்தியா. அந்த நாட்டின் வெற்றியும் தடுமாற்றமும் நமக்குப் பாடமாகலாம்.

1881ஆம் ஆண்டில் ஆங்கிலேயர் ஆட்சியிலே இயற்றப்பட்ட மாற்றுமுறை ஆவணச் சட்டம் இன்றும் அங்கே நடைமுறையில் உள்ளது. நூறு ஆண்டுகளுக்கு மேலாக, காசோலை திரும்பினால் பணத்தைக் கேட்டுக் குடியியல் வழக்குத் தொடுப்பதே வழக்கமாக இருந்தது. 1988ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டத்தினாலே 138 முதலான பிரிவுகள் புகுத்தப்பட்டன. 1989 ஏப்பிரில் 1ஆம் நாள் முதல், கடனைத் தீர்ப்பதற்காகக் கொடுத்த காசோலை போதிய பணமின்றித் திரும்பினால் அது குற்றமாயிற்று. தொடக்கத்தில் ஓராண்டாக இருந்த சிறைத் தண்டனையின் எல்லை, 2002ஆம் ஆண்டுத் திருத்தத்தினால் ஈராண்டாக உயர்ந்தது. காசோலைத் தொகையின் இருமடங்கு வரை தண்டப்பணமும் விதிக்கலாம். இரண்டையும் சேர்த்தும் விதிக்கலாம்.

ஆயினும், காசோலை திரும்பிய அக்கணத்திலேயே குற்றம் நிறைவுறுவதில்லை என்பதை நீங்கள் கூர்ந்து நோக்குதல் வேண்டும். வங்கியின் அறிவிப்புக் கிடைத்த 30 நாட்களுக்குள், பணம் பெற வேண்டியவர் எழுத்து மூலம் அறிவித்தல் கொடுக்க வேண்டும். அது கைக்குக் கிடைத்த 15 நாட்களுக்குள் பணம் செலுத்தப்பட்டுவிட்டால் வழக்கே இல்லை. செலுத்தாவிட்டாலே குற்றம் பிறக்கின்றது. அதன்பின் ஒரு மாதத்துக்குள் நீதவானிடம் முறைப்பாடு செய்தல் வேண்டும். அந்தப் பதினைந்து நாட்களின் பொருள் என்ன? 'சிறைக் கதவைத் திறக்கும் முன்பு பணப்பெட்டியைத் திற' என்று சட்டமே சொல்கின்றது என்பதன்றோ? இணக்கம் என்பது சட்டத்துக்குப் புறம்பாக வந்து சேர்ந்த சலுகையன்று. அச்சட்டத்தின் வயிற்றிலேயே பிறந்த பிள்ளை.

களவு, கொலை போன்ற குற்றங்களிலே ஊர் முழுவதும் பாதிக்கப்படுகின்றது, அரசே வழக்காடுகின்றது. இங்கோ முறைப்பாட்டாளர் பணத்தை இழந்தவரே. அவருக்கு வேண்டியது எதிரியின் எலும்பன்று, தம்முடைய பணம். 2021 மார்ச்சு மாதத்திலே இந்திய உச்ச நீதிமன்றம், இவ்வழக்கைக் குற்றவியல் ஓநாயின் தோலைப் போர்த்த குடியியல் ஆடு என்று வருணித்தது. தோல் அச்சுறுத்துகின்றது, உள்ளே இருப்பது கடன் கணக்கு.

ஆனால் அந்த ஆடுகள் பெருகிய வேகம் நீதிமன்றங்களைத் திணறச் செய்துவிட்டது. இந்தியச் சட்ட ஆணைக்குழு 2008ஆம் ஆண்டில் அளித்த தன் 213ஆவது அறிக்கையிலே, 38 இலட்சத்துக்கு மேற்பட்ட காசோலை வழக்குகள் தேங்கிக் கிடப்பதாகக் கூறியது. 2019 திசம்பர் இறுதியிலும் நிலுவையில் இருந்த 2 கோடியே 31 இலட்சம் குற்றவியல் வழக்குகளில் 35 இலட்சத்து 16 ஆயிரம் இவ்வகையினவே. ஆறு மாதத்துக்குள் விசாரணையை முடிக்க முயல வேண்டும் என்று 143ஆம் பிரிவு கூறுகின்றது. ஏட்டிலே ஆறு மாதம். நாட்டிலே எத்தனையோ ஆண்டு! காலந்தாழ்த்துவதில் ஆதாயம் காண்பவன் யார்? கொடுக்க மனமில்லாத கடனாளி. நலிந்து போகின்றவன் யார்? கையிருந்த முதலை இழந்த சிறு வணிகன்.

இந்நிலையிலே இணக்கத்துக்கு வழி திறந்தது 2002ஆம் ஆண்டுத் திருத்தம். 2003 பெப்ரவரி 6ஆம் நாள் நடைமுறைக்கு வந்த அத்திருத்தத்தின்படி, குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் எது கூறப்பட்டிருப்பினும், இச்சட்டத்தின் கீழ்வரும் ஒவ்வொரு குற்றமும் தரப்பினரால் இணக்கித் தீர்க்கத்தக்கது என்று 147ஆம் பிரிவு தெளிவாகச் சொல்கின்றது. இணக்கம் முறைப்படி ஏற்கப்பட்டால் எதிரி விடுதலை பெறுகின்றான். குற்றவாளி என்ற பெயர் அவனைத் தொடர்வதில்லை.

ஆயினும் கதவு திறந்தவுடன் மற்றொரு தொல்லை முளைத்தது. கடைசி நேரம் வரை வழக்காடிப் பார்ப்பது, தண்டனை உறுதியாகும் தறுவாயிலே பணத்தைக் கொண்டு வந்து நீட்டுவது என்று பலர் பழகிக்கொண்டனர். இதைக் கண்ட உச்ச நீதிமன்றம் 2010 மே 3ஆம் நாள் ஒரு படிமுறையை வகுத்தது. முதலாம் அல்லது இரண்டாம் தவணையிலே இணங்கினால் மேலதிகச் செலவு இல்லை. அதன்பின் நீதவான் முன்னிலையில் இணங்கினால் காசோலைத் தொகையின் 10 விழுக்காடு. அமர்வு நீதிமன்றிலோ மாநில உயர் நீதிமன்றிலோ 15 விழுக்காடு. உச்ச நீதிமன்றிலே 20 விழுக்காடு. இத்தொகை சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குச் சேரும். முதற் தவணைகளிலே இணங்கினாற் செலவில்லை என்பதை அழைப்பாணையிலேயே எதிரிக்கு அறிவிக்க வேண்டும் என்றும் அம்மன்று பணித்தது.

பதினைந்து ஆண்டுகளின் பின்னர், 2025 செப்டெம்பர் 25ஆம் நாளன்று அதே நீதிமன்றம் இப்படிமுறையைத் திருத்தியது. எதிரிதரப்புச் சாட்சியம் பதியப்படும் முன்பு பணத்தைச் செலுத்தினால் மேலதிகச் செலவு இல்லை. சாட்சியத்தின் பின்னும் தீர்ப்புக்கு முன்னுமாயின் 5 விழுக்காடு. அமர்வு நீதிமன்றிலும் உயர் நீதிமன்றிலும் 7.5 விழுக்காடு, உச்ச நீதிமன்றிலே 10 விழுக்காடு. கணக்குப் போட்டுப் பாருங்கள். 5 இலட்சம் ரூபா காசோலைக்கு, உச்ச நீதிமன்றம் வரை இழுத்தடித்து இணங்கியவன் முன்னைய விதிப்படி 1 இலட்சம் ரூபா மேலதிகமாகக் கட்ட வேண்டும். புதிய விதிப்படி 50 ஆயிரம். எதிரிதரப்புச் சாட்சியத்துக்கு முன்னரே இணங்குபவன் புதிய விதிப்படி ஒரு சதமும் கட்ட வேண்டியதில்லை. தொகை குறைந்துள்ளது, தத்துவம் மாறவில்லை. பிந்துகின்றவன் பிந்தியதற்கு விலை கொடுக்க வேண்டும் என்பதே அத்தத்துவம்.

இனி, மிக முதன்மையான கேள்விக்கு வருகின்றேன். எதிரி பணத்தை முழுவதும் கட்டிவிட்டான். முறைப்பாட்டாளரோ இணங்க மறுக்கின்றார். நீதிமன்றம் அவரை மீறி வழக்கை முடிக்கலாமா? இணக்கத்துக்கு இருவர் மனமும் வேண்டும் என்று 2012இல் உச்ச நீதிமன்றம் கூறியது. 2017இல், முறைப்பாட்டாளர் தக்கவாறு ஈடு செய்யப்பட்டார் என்று மன்று திருப்தியுற்றால் அவர் சம்மதியாவிடினும் வழக்கை முடிக்கலாம் என்று இரு நீதியரசர் கூறினர். ஆனால் 2021 ஏப்பிரிலில் ஐந்து நீதியரசர் கொண்ட ஆயம், அத்தீர்ப்பு ஆதாரமாகக் கொண்ட நடைமுறைப் பிரிவு இவ்வகை வழக்குகளுக்குப் பொருந்தாது என்று முடிவு செய்தது. 2024 ஏப்பிரிலில் வந்த தீர்ப்பும் சம்மதமின்றி இணக்கமில்லை என்று உறுதிப்படுத்தியது. எனினும் அவ்வழக்கிலே எதிரி பணத்தைச் செலுத்தியிருந்தான். ஓராண்டுக்கு மேல் சிறையிலும் இருந்துவிட்டான். ஆதலின் முழு நீதி செய்வதற்கென அரசியலமைப்பின் 142ஆம் உறுப்புரை தனக்களித்த தனியதிகாரத்தைக் கொண்டு, உச்ச நீதிமன்றம் வழக்கை முடித்து வைத்தது.

இதிலே அடங்கியுள்ள நியாயத்தைச் சிந்தியுங்கள். சம்மதம் என்பது கட்டாயப்படுத்திப் பெறும் பொருளன்று. அதே வேளையில், பணம் முழுவதையும் பெற்ற பின்னரும் மற்றவனைச் சிறையிற் காண வேண்டும் என்று பிடிவாதம் செய்வது சட்டத்தின் நோக்கமும் அன்று. 2025ஆம் ஆண்டுத் தீர்ப்பு இதற்கும் ஒரு வழி காட்டுகின்றது. காசோலைத் தொகைக்கு அப்பால் மற்றக் கடன்களையும் சேர்த்துத் தீர்த்தாலன்றி இணங்கேன் என்று முறைப்பாட்டாளர் கூறுவாராயின், குற்றத்தை ஒப்புக்கொள்ளுமாறு எதிரிக்கு நீதவான் ஆலோசனை கூறி, நன்னடத்தைச் சட்டத்தின் சலுகையையும் அவனுக்கு வழங்கலாம். ஒரு காசோலையை வைத்துக்கொண்டு ஒருவனுடைய முழு வாழ்வையும் பணயமாகப் பிடிப்பதற்கு இடமிருத்தல் ஆகாது என்பதே இதன் கருத்து.

இணங்கி எழுதிய பின்னர் அந்த உடன்படிக்கையே முறிந்தால் என்ன ஆகும்? 2021 ஒக்டோபரிலே இதற்கும் விடை கிடைத்தது. இணக்க உடன்படிக்கை கைச்சாத்தான பின்பு பழைய முறைப்பாட்டையும் புதிய உரிமையையும் ஒருங்கே நடத்த இயலாது. உடன்படிக்கையின்படி கொடுத்த காசோலையும் திரும்பினால் அதுவே புதிய வழக்குக்கு அடிப்படையாகும். ஆகவே கடன் கொடுத்தவர்களுக்கு ஒன்று சொல்வேன்: கைச்சாத்திடும்போது பழைய வழக்கை விட்டுப் புதிய நிலத்தில் கால் வைக்கின்றீர்கள், நிலம் உறுதியானதா என்று பார்த்துக் கால் வையுங்கள். கடன்பட்டவர்களுக்கும் ஒன்று சொல்வேன்: இன்றைய தொல்லை நீங்கினாற் போதும் என்று நாளை கட்ட முடியாத தவணைக்குக் கைச்சாத்திடாதீர்கள், ஒரு காசோலைக்குப் பதில் ஆறு காசோலை கொடுத்தவன் ஆறு வழக்குகளுக்கு விதை போட்டவனாவான்.

இன்னொரு வழியும் உண்டு. 1987ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் கீழ் 'லோக் அதாலத்' எனப்படும் மக்கள் நீதிமன்றங்கள் கூடுகின்றன. குற்றவியல் மன்றிலிருந்து அங்கே அனுப்பப்பட்ட காசோலை வழக்கு இணக்கமாகத் தீர்ந்தாலும், அத்தீர்வு குடியியல் நீதிமன்றத்தின் தீர்ப்பாணைக்கு ஒப்பானது. அதனை நிறைவேற்றிப் பணத்தை அறவிடலாம் என்று 2011இல் உச்ச நீதிமன்றம் கூறியது. அத்தீர்வுக்கு மேன்முறையீடு இல்லை. ஆதலினால் அங்கே தலையசைக்கும் முன் இருமுறை சிந்தித்தல் நன்று.

அன்பர்களே! இதுவரை சட்டம் சொன்னேன். இனி, அரசியல் தொண்டன் என்ற முறையிலும் சில சொல்லக் கடமைப்பட்டுள்ளேன்.

இணக்கம் என்ற சொல் காதுக்கு இனியது. ஆனால் எல்லா இணக்கமும் இணக்கம் ஆகுமா? கடன் வாங்கும் ஏழை, ஈடாக வைக்க நிலமும் நகையும் இல்லாதவன், வெற்றுக் காசோலையிலே கையொப்பமிட்டுக் கொடுக்கின்றான். பின்னர் அதிலே தொகையை நிரப்புபவன் மற்றவன். தானே விரும்பிக் கையொப்பமிட்டுக் கொடுத்த வெற்றுக் காசோலையாயினும், அது கடனுக்காகவே கொடுக்கப்பட்டது என்று 139ஆம் பிரிவு அனுமானிக்கும் என 2019இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்த அனுமானத்தை எதிரி மறுத்துக் காட்டலாம். ஆனால் ரசீதும் கணக்கும் இல்லாத ஏழை எதைக்கொண்டு காட்டுவான்? பகுதிக் கடனைத் திருப்பிக் கொடுத்த பின்பும் முழுத் தொகைக்குக் காசோலையை வங்கியிலே போட்டால் 138ஆம் பிரிவின் குற்றம் ஆகாது என்று 2022இல் அதே மன்று கூறியது உண்மை. ஆயினும் பகுதிக் கடன் கொடுத்ததற்குச் சான்று வைத்திருப்பவனுக்கே அத்தீர்ப்புப் பயன்படும்.

ஒரு பக்கம் வழக்கறிஞர் படையோடு நிற்கும் நிதி நிறுவனம். மறுபக்கம் ஒரு நாட் கூலியை விட்டு வந்து நிற்கும் தொழிலாளி. சிறை என்ற சொல்லைக் கேட்டு நடுங்கும் அவனிடம், ஒரு தாளை நீட்டி, 'இங்கே கையொப்பமிடு, வீட்டுக்குப் போகலாம்' என்றால், அவன் எதிலே கையொப்பமிட மாட்டான்? தான் வாசிக்க அறியாத மொழியிலே எழுதப்பட்டிருந்தாலுங்கூட அவன் இட்டுவிடுவான். அதனை உடன்பாடு என்று அழைப்பது தமிழுக்கும் இழுக்கு, நீதிக்கும் இழுக்கு. அச்சத்திலே பிறந்த சம்மதம் சம்மதம் அன்று.

அதற்காக, கடன் கொடுத்தவரெல்லாம் கொடியர், கடன்பட்டவரெல்லாம் எளியர் என்று நான் கூறவில்லை. ஒரு பருவத்து வெங்காயத்தை வண்டியேற்றி அனுப்பிவிட்டுக் காசோலையை நம்பிக் காத்திருக்கும் கமக்காரனும் கடன் கொடுத்தவனே. அவனிடம் சரக்கு வாங்கிய பெருவணிகன், வழக்கை நாலாண்டு இழுத்து, பாதித் தொகைக்கு இணங்கு என்று பேரம் பேசுவானாயின், அங்கே நலிந்தவன் முறைப்பாட்டாளனே. இப்படிப்பட்டவனுக்கு ஆறுதலாகவே 2018இல் 143அ என்ற பிரிவு சேர்க்கப்பட்டது. குற்றத்தை மறுக்கும் எதிரி, வழக்கு முடியும் முன்பே காசோலைத் தொகையின் 20 விழுக்காட்டுக்கு மேற்படாத இடைக்கால ஈட்டைக் கொடுக்குமாறு நீதவான் ஆணையிடலாம். ஆக, நலிந்த பக்கம் எது என்பதைப் பட்டயத்தைப் பார்த்தன்று, நிலைமையைப் பார்த்தே தீர்மானித்தல் வேண்டும்.

அப்படியாயின் நேர்மையான இணக்கத்தின் இலக்கணம் யாது? உடன்படிக்கை இருவரும் அறிந்த மொழியிலே எழுதப்படல் வேண்டும். மொத்தத் தொகை எவ்வளவு, அதிலே முதல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, முன்னர்க் கட்டியது எவ்வளவு என்பன தனித்தனியே குறிக்கப்படல் வேண்டும். தவணைத் திகதிகள் கடனாளியின் வருவாய்க்கு ஏற்றவையாக இருத்தல் வேண்டும். பணம் கை மாறும்போதெல்லாம் வங்கி வழியாகவோ ரசீதோடோ மாறுதல் வேண்டும். ஒரே கடன் பற்றிய குற்றவியல் வழக்கு, குடியியல் வழக்கு, பொலிசு முறைப்பாடு ஆகிய அனைத்தும் எந்நாளில், எவ்வாறு முடியும் என்று எழுதப்படல் வேண்டும். ஈடாகக் கொடுத்த மற்றக் காசோலைகள் இலக்கம் குறித்துத் திருப்பிக் கொடுக்கப்படல் வேண்டும். தவணை தவறினால் என்ன நிகழும் என்பதும் மறைவின்றிச் சொல்லப்படல் வேண்டும். இறுதியாக, இத்தனையும் நீதவான் முன்னிலையிலே வாசித்து விளக்கப்பட்டு, இருவர் வாயாலும் ஏற்கப்பட்டுப் பதியப்படல் வேண்டும். நீதவான் முத்திரை குத்தும் கருவியாக இருந்துவிடாமல், 'உனக்கு இது விளங்கிற்றா? விரும்பித்தான் சம்மதிக்கின்றாயா?' என்று கேட்பவராக இருத்தல் வேண்டும்.

நம் நாட்டிலே சட்டம் இயற்றுவோரிடமும் அதனைத் திருத்த முனைவோரிடமும் நாம் மூன்றைக் கேட்போம். அறிவித்தல் கிடைத்தவனுக்குப் பணம் கட்ட நியாயமான தவணையும், முதற் தவணையிலேயே இணங்குவதற்குச் செலவற்ற வழியும் வேண்டும். கையொப்பமிட்ட வெற்றுக் காசோலையை ஏழையிடம் ஈடாக வாங்கும் வழக்கத்துக்குத் தடை வேண்டும். இணங்க வரும் வசதியற்றவனுக்கு, அவன் முறைப்பாட்டாளனாயினும் எதிரியாயினும், பக்கத்திலிருந்து சொல்லிக் கொடுக்க அரசுச் செலவில் ஒரு வழக்கறிஞர் வேண்டும். இம்மூன்றும் இல்லாத இடத்திலே இணக்கம் என்பது வலியவன் எழுதும் கட்டளையாகவே முடியும்.

நம் ஊர்ச் சங்கங்களும் சும்மா இருத்தல் ஆகாது. காசோலை எழுதும் முன் கணக்கைப் பார். வெற்றுத் தாளிற் கையொப்பம் இடாதே. கட்டிய பணத்துக்கு ரசீது வாங்கு. அறிவித்தல் வந்தால் ஒளித்து வைக்காதே, அன்றே ஆலோசனை கேள் என்ற நான்கையும் ஒவ்வொரு கடைக்கும் ஒவ்வொரு வீட்டுக்கும் சொல்லுதல் வேண்டும். அறிவித்தலை ஒளித்து வைப்பதனால் எத்தனை குடும்பங்கள், பதினைந்து நாளிலே முடிய வேண்டிய காரியத்தைப் பல்லாண்டு சுமக்கின்றன!

தோழர்களே! கடனைத் தீர்ப்பது மானமுள்ளவன் கடமை. கடன் கேட்பவன் மனிதனாக நடந்துகொள்வதும் மானமே. இவ்விருவரும் சமமாக அமர்ந்து, உண்மைக் கணக்கை முன்வைத்து, அச்சமின்றிப் பேசி முடிப்பதற்கே இணக்கம் என்று பெயர். அத்தகைய இணக்கத்தைச் சட்டம் வரவேற்கட்டும், நாமும் வரவேற்போம். அச்சத்தைக் காட்டிப் பெறும் கையொப்பத்தை மட்டும், அது எவர் கையிலிருந்து வந்தாலும், ஏற்க மறுப்போம்.